அண்ணனின் ஆர்.ஈ.எம். கேசட்டுகளைக் கணினிக்கு ஏற்றிய கதை

ராயபுரத்தில் இருக்கும் என் பெரியப்பா மகன் கப்பலில் மோட்டார்மேனாக இருந்தவர். எண்பதுகளின் கடைசியில் கடலுக்குப் போனார். கப்பல் சிங்கப்பூரில் நின்றால் கூட வேலை செய்தவர்கள் சென்ட், சட்டைத்துணி, டேப் ரெக்கார்டர் என்று அள்ளிக்கொண்டு வருவார்கள். அண்ணன் கேசட் வாங்கி வருவார். அதிலும் ஒரே குழு, ஆர்.ஈ.எம். என்ற அமெரிக்க ராக் குழு. தெருவில் ஒரு வீட்டில் இளையராஜா, எதிர்வீட்டில் கானா என்று ஓடிக்கொண்டிருந்த காலத்தில் இவர் வீட்டு ஜன்னலிலிருந்து மட்டும் யாரோ வாய்க்குள் முணுமுணுப்பது கேட்கும். பெரியம்மா அதை "தூக்கத்துல பொலம்புறவன் பாட்டு" என்பார்.

2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வந்துபோன பிறகு வீட்டுச் சுவர்கள் ஊறி, பரண் முழுக்கப் பூசணம். அங்கே இருந்த தகரப் பெட்டி என் கைக்கு வந்தது அப்படித்தான். "எல்லாத்தையும் கம்ப்யூட்டர்ல ஏத்திக் குடுத்துடு தம்பி" என்றார் அண்ணன். எல்லாவற்றையும் ஏற்றவில்லை. ஏன் என்பதையும், ஏற்றியதை எப்படி ஏற்றினேன் என்பதையும் எழுதி வைக்கிறேன். பழைய கேசட் வைத்திருக்கும் யாருக்காவது, எந்தப் பாட்டாக இருந்தாலும், உதவும்.

குழுவைப் பற்றித் தெரியாதவர்களுக்குக் கொஞ்சம். அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்தில் ஏதென்ஸ் என்று ஒரு கல்லூரி ஊர். அங்கே வழிபாடு நின்றுபோன ஒரு தேவாலயத்தில், 1980 ஏப்ரல் 5 அன்று, ஒரு பிறந்தநாள் விருந்தில் முதல் கச்சேரி. பாடகர் மைக்கேல் ஸ்டைப், பீட்டர் பக், மைக் மில்ஸ், பில் பெர்ரி என்று நான்கு பேர். 1981-ல் ஹிப்-டோன் என்ற சின்ன நிறுவனம் முதல் சிங்கிளை (பக்கத்துக்கு ஒரு பாட்டு உள்ள சின்ன ரெக்கார்டு) வெளியிட்டது. 1983-ல் முதல் முழு ஆல்பம் 'மர்மர்'. 1988-ல் வார்னர் நிறுவனத்துக்குப் போனார்கள். 1997-ல் பெர்ரி விலகினார். 2011 செப்டம்பரில் குழுவே கலைந்தது. நம் ஊரில் பலருக்கு இவர்களைத் தெரிந்தது 1991-ன் 'லூசிங் மை ரிலிஜன்' என்ற மாண்டலின் பாட்டால். அதன் வீடியோவை எடுத்தவர் ஜலந்தரில் பிறந்த தர்செம் சிங். எம்டிவியின் அந்த ஆண்டுக்கான சிறந்த வீடியோ விருது அதற்குத்தான் போனது. மாண்டலின் என்றால் நமக்கெல்லாம் உ. ஸ்ரீநிவாஸ்தான் நினைவுக்கு வருவார். ஆனால் இந்தப் பாட்டுப் பேச்சை எடுத்தாலே அண்ணன் கடுப்பாகிவிடுவார். "அதுக்கு முன்னாடியே ஆறு ஆல்பம் வந்துட்ச்சு. அதெல்லாம் யாருக்குத் தெரியும்?"

இவர்களுடைய ஆல்பங்கள் எல்லாமே இன்று நல்ல தரத்தில் கிடைக்கின்றன. 1982-ல் வந்த 'குரோனிக் டவுன்' என்ற ஐந்து பாட்டுச் சின்ன ரெக்கார்டுகூட 2022-ல் தனி சிடியாக வந்துவிட்டது. அப்படியிருக்க, பூசணம் பிடித்த கேசட்டிலிருந்து அதையே மறுபடி எடுப்பது வெட்டி வேலை. ஆல்பத்துக்கு வெளியே இருப்பவைதான் சிதறிப் போகும். சிங்கிள்களின் பின்பக்கத்தில் மட்டும் வந்த பாட்டுகள் (1987-ல் ஒரு பகுதியை 'டெட் லெட்டர் ஆஃபீஸ்' என்று தொகுத்தார்கள்), 1988 முதல் ரசிகர் மன்ற உறுப்பினர்களுக்குக் கிறிஸ்துமஸ் சமயத்தில் அனுப்பிய சிங்கிள்கள், வானொலியில் வந்து காற்றோடு போனவை. இதற்கெல்லாம் வெளிநாட்டு ரசிகர்கள் பட்டியல் போட்டு, எந்தப் பதிவு எங்கிருந்து வந்தது என்று தேடித்தேடிச் சேர்த்திருக்கிறார்கள். அண்ணனின் பெட்டியில் அதற்கும் மேலே ஒன்று இருந்தது. ராயபுரத்தில் இந்தக் குழுவை ஒருவர் எப்படிக் கேட்டார் என்பது. அது வேறு எங்கேயும் கிடைக்காது.

கேசட்டுகளை மூன்றாகப் பிரித்தேன். கடையில் வாங்கிய ஆல்பங்கள் ஒரு பக்கம். கப்பலில் கூட இருந்தவர்களிடம் நகலெடுத்ததும், பாரிமுனைப் பக்கம் ரெக்கார்டிங் சென்டரில் பட்டியல் கொடுத்துப் பதிந்து வாங்கியதும் இன்னொரு பக்கம். மூன்றாவது, வீட்டு டூ-இன்-ஒன்னில் (ரேடியோவும் டேப் ரெக்கார்டரும் சேர்ந்தது) சிற்றலை வைத்து பிபிசி உலக சேவையிலிருந்து பிடித்தவை. முதல் குவியலுக்கு அட்டையை ஸ்கேன் செய்வதோடு சரி. வேலை முழுக்க மற்ற இரண்டில்.

என்னிடம் இருந்த கேசட் டெக் ஜப்பானில் செய்த பழையது. சுவிட்சைப் போட்டால் விளக்கு எரியும், மோட்டார் முனகும், கேசட் நகராது. திறந்தால் பெல்ட் உருகித் தார் மாதிரி புல்லியிலும் (பெல்ட் ஓடும் சின்னச் சக்கரம்) ஃப்ளைவீலிலும் (சீராகச் சுற்ற வைக்கும் கனமான சக்கரம்) அப்பியிருந்தது. அந்தக் கறுப்பு கையில் பட்டால் சோப்புக்குப் போகாது, துணியில் பட்டால் துணியையே மறந்துவிடலாம். கையுறை போட்டுக்கொண்டு, ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் நனைத்த காதுக்குச்சியால் பெல்ட் ஓடும் பாதை முழுவதையும் துடைத்தேன். இதில் பொறுமை வேண்டும். புல்லியின் பள்ளத்தில் கொஞ்சம் கறுப்பு ஒட்டியிருந்தாலும் புது பெல்ட் சுற்றுக்கு ஒருமுறை தூக்கிப் போடும், பாட்டு அசையும்.

பெல்ட் அளவுக்கு ஒரு வழி இருக்கிறது. பெல்ட் ஓடும் பாதையில் ஒரு தையல் நூலைச் சுற்றி, நீளத்தை அளந்து, அதில் இருபதில் ஒரு பங்கு குறைத்துக்கொள்ள வேண்டும். அந்த அளவை எழுதிக்கொண்டு பழைய வண்ணாரப்பேட்டையில் ரேடியோ பழுது பார்க்கும் ஒரு பாயிடம் போனேன். ரிச்சி ஸ்ட்ரீட்டிலும் பெல்ட் கிடைக்கும். ஆனால் இவர் கடையில் அளவு வாரியாக ஆணியில் தொங்கும். இப்போது மிக்சி, குக்கர் வேலைதான் அதிகம். டெக் என்றதும் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார்.

"ஃப்ளைவீலுக்கு இன்னா பெல்ட், ரவுண்டா தட்டையா?"

"தட்டை, பாய்."

"அப்போ ரப்பர் பேண்டு கிப்பேண்டு போட்டுடாதே. மூணு நாள் ஓடும், அப்புறம் ஹெட்டு மேல டேப்பை மென்னு துப்பிடும்."

டேப்பை அழுத்தி நகர்த்தும் பின்ச் ரோலரைத் திருப்பிப் பார்த்து, ரப்பர் இறுகிப் பளபளப்பாகிவிட்டது என்று அதையும் மாற்றச் சொன்னார். டேப்பிலிருந்து ஒலியைப் படிக்கும் ஹெட்டில் காந்தம் ஏறியிருக்கும் என்று ஒரு டீமேக்னடைசர் குச்சியை எடுத்தார். அதைக் கையாளும் விதம் முக்கியம். டெக்கிலிருந்து கை நீளத்துக்குத் தள்ளி நின்று ஆன் செய்து, மெல்ல ஹெட்டின் பக்கம் கொண்டுவந்து, அதைவிட மெல்ல விலக்கி, மறுபடி கை நீளத்துக்குப் போன பிறகுதான் ஆஃப் செய்ய வேண்டும். பக்கத்தில் வைத்தே ஆஃப் செய்தால் இருந்ததைவிட அதிகமாகக் காந்தம் ஏறிவிடும். கடைசியாக அவருடைய டெஸ்ட் கேசட்டைப் போட்டு, மோட்டாரின் பின்பக்கத் துளைக்குள் சின்ன ஸ்க்ரூ டிரைவரை விட்டு வேகத்தைச் சரி செய்தோம். கேசட்டின் முறையான வேகம் நொடிக்கு 4.76 சென்டிமீட்டர். டெஸ்ட் கேசட்டின் 3000 ஹெர்ட்ஸ் ஒலி 3000-மாகவே வருகிற வரை திருகினோம். என் டெக் இப்போது சரியாக ஓடுகிறது என்ற இந்த ஒரு விஷயம் பின்னால் பெரிதாக உதவியது.

டெக் தயாரானாலும் கேசட்டை உடனே போடக் கூடாது. பூசணம் பிடித்த ஒரு கேசட்டை ஓட்டினால் ஹெட்டுக்குப் பூசணம், ஹெட்டிலிருந்து அடுத்த கேசட்டுக்கு. கேசட்டின் ஜன்னல் வழியாகப் பார்த்தால் சுருளின் பக்கவாட்டில் வெள்ளை வெள்ளையாகத் திட்டு தெரியும். அவற்றைத் தனியாக ஒதுக்கி, காற்றுப் புகாத டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலங்களோடு போட்டு வைத்தேன். செருப்பு டப்பாவில் வருகிற அதே பொட்டலம்தான். அரிசியில் புதைக்கச் சொல்வார்கள், வேண்டாம், மாவு உள்ளே போகும். ஓவனில் சூடு செய்யச் சொல்பவர்களும் உண்டு. அது எழுபது எண்பதுகளின் சில ஸ்டுடியோ ஸ்பூல் டேப்புகளுக்கான வைத்தியம். சாதாரணக் கேசட்டைச் சுட்டால் ஓடுதான் வளையும். நன்றாகக் காய்ந்த பிறகு மாஸ்க் போட்டுக்கொண்டு மொட்டைமாடியில் வைத்து, மென்மையான பிரஷால் பக்கவாட்டைத் தட்டிவிட்டால் பெரும்பாலும் உதிர்ந்துவிடுகிறது.

பூசணத்தைவிட அதிகம் படுத்தியது பிரஷர் பேட். கேசட்டின் வாய்ப்பக்கம் நடுவில், ஒரு மெல்லிய உலோகத் தகட்டின் மேல் ஒட்டிய குட்டிக் கம்பளித் துண்டு அது. டேப்பை ஹெட்டோடு அழுத்திப் பிடிப்பது அதன் வேலை. கடல் காற்றில் தகடு துருப்பிடிக்கிறது, பசை காய்ந்து கம்பளி விழுந்துவிடுகிறது. பேட் இல்லாத கேசட்டைப் போட்டால் பாட்டு வரும், ஆனால் மங்கலாக, ஒரு காது தூங்கித் தூங்கி எழும். டேப்பே கெட்டுப்போனது என்று பலர் இந்தக் கட்டத்தில்தான் தூக்கிப் போடுகிறார்கள்.

நான் பேடை ஒட்ட முயலவில்லை. உடலையே மாற்றினேன். ஐந்து ஸ்க்ரூ உள்ள, புதிதாகக் கிடைக்கிற காலி கேசட் ஒன்றை வாங்கிக்கொள்ள வேண்டும். பழையதும் ஸ்க்ரூ வகை என்றால் மேசையில் வெள்ளைத் துணி விரித்து, படுக்க வைத்து, ஐந்தையும் கழற்றி, மேல் மூடியை நேராகத் தூக்க வேண்டும். உள்ளே இரண்டு சுருள், மூலைக்கு ஒன்றாகச் சின்ன உருளை, சுருளுக்கு மேலும் கீழும் வழவழப்பான தாள். சுருளை விரலால் அமுக்காமல், தாளோடு சேர்த்து ஒரே தூக்காகத் தூக்கிப் புது ஓட்டுக்குள் இறக்கினால், டேப் எந்த வழியாக ஓடுகிறது என்று பார்த்து உருளைகளைச் சுற்றி விட்டால், முடிந்தது. ஸ்க்ரூ இல்லாமல் இரண்டு ஓடுகளையும் ஒட்டி மூடிய வகை என்றால் இணைப்புக் கோட்டில் பிளேடை வைத்து மெல்லக் கீறிப் பிளக்க வேண்டும். அப்போது டேப்பைத் தொடாமல் பார்த்துக்கொள்வதுதான் கஷ்டம், ஏனென்றால் டேப் 3.81 மில்லிமீட்டர் அகலம்தான், 90 நிமிடக் கேசட்டில் தடிமன் சுமார் 12 மைக்ரான். ஓரம் மடங்கினால் ஒரு சேனல் போச்சு. தொடக்கத்தில் பிய்ந்திருந்தால் அதற்கான ஸ்ப்ளைசிங் டேப்பால் மட்டும் ஒட்டுங்கள். செல்லோ டேப்பின் பசை கசிந்து அடுத்த சுற்றையும் பிடித்துக்கொள்ளும்.

இனி ஏற்றும் வேலை. இதில் என் கட்சி ஒன்றுதான். டேப் ஓடும்போது சரியாக்க வேண்டியதை ஓடும்போதே சரியாக்கிவிட வேண்டும். மற்றதைக் கணினியில் என்றைக்கு வேண்டுமானாலும் பார்த்துக்கொள்ளலாம். ஓடும்போது சரியாக வேண்டியவற்றில் முதலில் அசிமத், அதாவது ஹெட்டின் சாய்வு.

பிளேபேக் ஹெட்டின் மெல்லிய பிளவு, டேப் ஓடும் திசைக்குச் சரியாகச் செங்குத்தாக நிற்க வேண்டும். பதிந்த டூ-இன்-ஒன்னின் ஹெட் கொஞ்சம் சாய்ந்திருந்தால், கேட்கும் டெக்கின் ஹெட்டும் அதே அளவு சாய்ந்தால்தான் உச்ச ஒலிகள் வரும். இல்லையென்றால் சிம்பல் சத்தம் போர்வைக்குள் போய்விடும். ஹெட்டின் பக்கத்தில் ஸ்ப்ரிங்கோடு இருக்கும் ஸ்க்ரூ இதற்குத்தான். முதலில் இரண்டு சேனலையும் ஒன்றாகச் சேர்த்து மோனோவில் கேட்டபடி, டேப்பின் இரைச்சல் எங்கே மிகக் கூர்மையாகிறதோ அங்கே நிறுத்தினேன். அடுத்து கண்ணால். சிற்றலைப் பதிவுகள் மோனோ. ஒரே ஒலி இடது வலது இரண்டு தடத்திலும் பதிந்திருக்கும். ஆடாசிட்டி என்ற ஒலிப்பதிவு மென்பொருளில் அலைவடிவத்தை நன்றாகப் பெரிதாக்கினால், ஹெட் சாய்ந்திருக்கும்போது ஒரு சேனலின் மேடு மற்றதைவிட முன்னே நிற்கும். ஸ்க்ரூவை மயிரிழை திருப்பிச் சில நொடி பதிந்து பார்த்தால் இரண்டும் நேர்க்கோட்டுக்கு வரும். காதால் பிடிக்காமல் நேராகக் கண்ணுக்குப் போகாதீர்கள். ஒரு முழு அலை தள்ளி நின்றாலும் நேராக இருப்பதாகவே தோன்றும்.

டேப்பின் இரைச்சலைக் குறைக்கும் டால்பி வசதி பற்றியும் சொல்லிவிடுகிறேன். அண்ணனின் டூ-இன்-ஒன்னில் டால்பி இல்லை, அதனால் அவர் பதிந்த எல்லாவற்றுக்கும் டால்பி ஆஃப். அட்டையில் டால்பி முத்திரை இருக்கும் கேசட்டுக்கு மட்டும் ஆன், அதுவும் அசிமத் சரியான பிறகு. மங்கலான ஒலிக்கு டால்பி போட்டால் இன்னும் மங்கும்.

அடுத்தது வேகம். என் டெக் சரியான வேகத்தில் ஓடியது, பாயே சாட்சி. ஆனால் அண்ணனின் ரெக்கார்டர் முப்பது வருடத்துக்கு முன்னால் என்ன வேகத்தில் ஓடியது? அது எப்போதோ பழைய இரும்புக்காரரிடம் போய்விட்டது. பாட்டைக் கேட்டால் ஏதோ கொஞ்சம் சுருதி ஏறியிருக்கிற உணர்வு, ஆனால் உணர்வை வைத்து வேகத்தை மாற்ற முடியாது.

பொதுவாகச் சொல்லப்படும் வழி, பதிவில் கலந்திருக்கும் மின்சார முனகலை அளப்பது. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், அதிலிருந்து வரும் முனகலில் 100 ஹெர்ட்ஸ் பலமாக இருக்கும். ஆடாசிட்டியின் அலைநிரல் வரைபடத்தில் பார்த்தேன். 99.4 ஹெர்ட்ஸ். கிட்டத்தட்ட சரி என்று அர்த்தம். அதோடு விட்டிருக்கலாம்.

விடாததற்குக் காரணம் அண்ணனின் சோம்பல். நிகழ்ச்சி முடிந்த உடனே ஸ்டாப் பொத்தானை அமுக்க மாட்டார். டேப் தன்பாட்டுக்கு ஓடும். அறிவிப்பாளர் விடைபெறுவார், கொஞ்சம் மௌனம், அப்புறம் வரும் பிபிசியின் ஆறு பிப் ஒலி. 1924-லிருந்து பிபிசியில் ஒலிக்கும் நேர அடையாளம் அது. கிரீன்விச்சில் முழு மணி ஆகும்போது நமக்கு அரை மணி என்பதால், ராயபுரத்தில் இந்தப் பிப் எப்போதும் அரை மணிக்குத்தான் விழும். முதல் ஐந்தும் பத்தில் ஒரு நொடி நீளம், ஆறாவது அரை நொடி. ஒவ்வொன்றும் சரியாக 1000 ஹெர்ட்ஸ். முதல் பிப்பின் தொடக்கத்திலிருந்து கடைசிப் பிப்பின் தொடக்கம் வரை சரியாக 5 நொடி. சிற்றலையில் எவ்வளவு தேய்ந்து, கரகரத்து வந்தாலும் இந்த இடைவெளி மாறாது. இதைவிட நல்ல அளவுகோல் எங்கே கிடைக்கும்?

கணினியில் அளந்தால் 5 நொடிக்குப் பதில் 4.89. பிப்பின் ஒலி 1000-க்குப் பதில் 1022 ஹெர்ட்ஸுக்குச் சற்று மேலே. இரண்டு கணக்கும் ஒத்துப்போகின்றன. அண்ணனின் ரெக்கார்டர் பதியும்போது இரண்டு சதவீதத்துக்குக் கொஞ்சம் மேலே மெதுவாக ஓடியிருக்கிறது, அதனால் இப்போது அவ்வளவு வேகமாகக் கேட்கிறது. அரைக் கட்டையில் பாதிகூட இல்லைதான். ஆனால் நான்கு நிமிடப் பாட்டில் ஐந்து நொடி காணாமல் போகும்.

அப்படியென்றால் முனகல் மட்டும் ஏன் சரியாக இருந்தது? வேகத்தைத் திருத்திய பிறகு அதே முனகல் 97.2-க்கு இறங்கியது. அதாவது அன்றிரவு ராயபுரத்தில் மின்சாரம் 50-ல் ஓடவில்லை, 48.6 ஹெர்ட்ஸில் ஓடியிருக்கிறது. தொண்ணூறுகளில் இது சாதாரணம். தேவைக்கு உற்பத்தி போதாமல் தென்னக மின்தொகுப்பின் அதிர்வெண் அடிக்கடி 48.5 பக்கம் போய்விடும். 2003-ல் அதிர்வெண்ணைப் பொறுத்துக் கட்டணம் என்ற முறை தெற்கே வந்த பிறகுதான் நிலைமை மாறியது. தென்னகத் தொகுப்பு நாட்டின் மற்றத் தொகுப்புகளோடு இணைந்தது 2013 டிசம்பர் 31 அன்று. ஆக, மெதுவாக ஓடிய ரெக்கார்டரை, மெதுவாக ஓடிய மின்சாரம் மறைத்துவிட்டிருக்கிறது. (கேசட் மோட்டாருக்கு மின்சாரத்தின் அதிர்வெண்ணோடு சம்பந்தமில்லை, அது நேர்மின்சாரத்தில் ஓடுவது. ஏசி மோட்டார் வைத்த பழைய ரெக்கார்டு பிளேயருக்குத்தான் அந்தத் தொல்லை.) வெளிநாட்டு ரசிகர்கள் முனகலை நம்பலாம். தொண்ணூறுகளின் சென்னைப் பதிவு வைத்திருப்பவர்கள் நம்பாதீர்கள்.

எல்லாக் கேசட்டிலும் பிப் இல்லை. ஆனால் அதே டூ-இன்-ஒன்னில் பதிந்தவை எல்லாவற்றுக்கும் இந்தத் திருத்தம் ஏறக்குறைய பொருந்துகிறது. பிப் உள்ள கேசட்டுகளை ஒன்றோடு ஒன்று ஒப்பிட்டதில் சின்னச் சின்ன வித்தியாசம்தான். ஒரு கேசட்டில் மட்டும் நடுவில் வேகம் மாறுகிறது, அதன் காரணம் காதாலேயே தெரிகிறது. கிட்டார் ஓடிக்கொண்டிருக்கும்போது திடீரென்று கீச்சென்று மேலேறி நின்றுவிடும். கரண்ட் போய்விட்டது. பதியும்போது டேப் தளர்ந்து நின்றால், கேட்கும்போது சுருதி தாழாமல் ஏறும். உடனே ஒரு டொக், அப்புறம் மறுபடி பாட்டு, இந்தமுறை முனகலே இல்லை. வயரைப் பிடுங்கிவிட்டுப் பேட்டரியில் ஓட்டியிருக்கிறார். பேட்டரி தீரத் தீர வேகம் குறைந்திருக்கிறது. அந்தப் பக்கத்தைத் திருத்தாமல் அப்படியே விட்டுவிட்டேன்.

வேகம் சரியானதும் இன்னொரு காரியம் முடிந்தது. ரெக்கார்டிங் சென்டரில் பதிந்த ஒரு கேசட்டில் குழுவின் முதல் சிங்கிள் பாட்டு இருக்கிறது. 1981-ல் ஹிப்-டோனுக்குப் பதிந்ததை 1983 ஆல்பத்துக்காகப் புதிதாகப் பதிந்தார்கள். பழைய வடிவம் 1988-ல் வந்த 'எபோனிமஸ்' தொகுப்பில் சேர்ந்தது. அண்ணன் வைத்திருப்பது எது என்பதில் அவருக்கே குழப்பம். அட்டையில் வெறும் பாட்டுப் பெயர்தான். நீளத்தை ஒப்பிட வேண்டுமானால் வேகம் சரியாக இருக்க வேண்டும். திருத்திய பிறகு பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்ததில் அது பழைய ஹிப்-டோன் வடிவம். அண்ணன் அன்றைக்கு போனில் குரலை உயர்த்தியே பேசினார்.

இரைச்சல் நீக்கம் பற்றி வீட்டில் ஒரு வாக்குவாதமே நடந்தது. அக்கா பையன், "மாமா, ஏஐ வச்சு ரெண்டு நிமிஷத்துல க்ளீன் பண்ணிடலாம்" என்றான். செய்தும் காட்டினான். சிற்றலை ஏறி இறங்கும் அலை, பக்கத்து நிலையத்தின் விசில், எல்லாம் போய் அறிவிப்பாளர் குளித்துவிட்டு வந்து நின்றார். கூடவே சிம்பலின் வாலும், ஸ்டைப்பின் மூச்சும் போய்விட்டன. ஏறி இறங்கும் அந்த அலை டேப்பின் பழுதே கிடையாது. வானத்தில் அயனி மண்டலம் அசைந்ததால் வந்தது, அதுவும் பதிவில் சேர்ந்ததுதான். சுத்தமான பாட்டு வேண்டுமென்றால் ஆல்பத்தைக் கேட்கட்டும். அவன் செய்த வடிவத்தையும் தனிப்பெயரில் வைத்திருக்கிறேன், சண்டை வேண்டாமே என்று. மூலம் தொடப்படவில்லை.

பதிந்த அளவுகள்: 24 பிட், 48 கிலோஹெர்ட்ஸ், உச்சம் மைனஸ் 6 டெசிபலுக்கு மேலே போகாமல். 90 நிமிடக் கேசட்டுக்கு ஒன்றரை ஜிபி ஆகும், தரம் கெடாமல் சுருக்கும் ஃபிளாக் வடிவில் வைத்தால் குறையும். லேப்டாப்பை சார்ஜரில் போட்டுப் பதிந்தால் புது முனகல் ஒன்று சேர்கிறது, அதனால் பேட்டரியில் மட்டும். ஒவ்வொரு பக்கத்துக்கும் திருத்தாத கோப்பு ஒன்று, வேகம் திருத்தியது ஒன்று, என்ன திருத்தினேன் என்ற குறிப்பு ஒன்று. என்னிடம் ஒரு ஹார்டு டிஸ்க், அண்ணனிடம் ஒன்று, மூன்றாவது, ஊரில் தங்கை வீட்டில்.

அட்டைகளை 600 டிபிஐ-யில் ஸ்கேன் செய்தேன். இவைதான் எனக்குப் பாட்டைவிடப் பிடித்துப்போயின. இந்தக் குழு ஆரம்ப ஆல்பங்களில் பாட்டு வரிகளை அச்சிட்டுத் தரவில்லை. எல்லா வரிகளும் அச்சாகி வந்த முதல் ஆல்பம் 1998-ன் 'அப்'. அதற்கு முன்னால் ஸ்டைப் முணுமுணுத்ததை ரசிகர்கள் காதால் பிடித்து எழுதிக்கொள்ள வேண்டியதுதான். அண்ணன் அட்டையின் பின்புறம், ரீஃபில் பேனாவால், பொடி எழுத்தில், கேட்டதைத் தமிழில் எழுதி வைத்திருக்கிறார். புரியாத இடத்தில் கோடு. பல வருடம் கழித்து வேறு மையில் கோட்டை நிரப்பியிருக்கிறார். சில கோடு இன்னும் காலியாகவே இருக்கிறது.

இதையெல்லாம் பொதுவில் போடலாமே என்று கேட்கிறார்கள். இந்தியச் சட்டத்தில் ஒலிப்பதிவின் உரிமை, வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டு. 1983 ஆல்பத்துக்கு 2043 முடிய வேண்டும். ஒலிபரப்பின் உரிமை 25 ஆண்டில் தீரும், ஆனால் அதற்குள் இருக்கும் பாட்டின் உரிமை தனி. அதனால் ஒலியை வெளியில் விடவில்லை. பட்டியல், பிப் அளவுகள், ஹிப்-டோன் குறிப்பு ஆகியவற்றை மட்டும், இந்தக் குழுவின் பதிவுகளைத் தொகுக்கும் சில ரசிகர்களுக்கு அனுப்பினேன். முனகல் விஷயத்தைத்தான் ஆளாளுக்குத் திரும்பத் திரும்பக் கேட்டார்கள்.

பெட்டியில் இன்னும் ஏற்றாத கேசட்டுகள் இருக்கின்றன. பூசணம் ஆழமாகப் பிடித்த சில சிலிக்கா டப்பாவிலேயே கிடக்கின்றன. பெயர் எழுதாத ஒன்று வேறு ஏதோ ரெக்கார்டரில் பதிந்தது, ஸ்க்ரூவை எவ்வளவு திருப்பினாலும் இடதும் வலதும் ஒத்துவர மாட்டேன் என்கிறது. பாயிடம் இன்னொரு பழைய டெக் இருக்கிறதாம், ஹெட் அகலமாகச் சாயுமாம். ரம்ஜான் முடிந்து கடை திறந்ததும் அந்தக் கேசட்டை எடுத்துக்கொண்டு போகப்போகிறேன்.